டி டிறைவில் இருந்த குரல்

எங்கள் பக்கத்து வீட்டு மனிதரிடம் யாரும் மன்னிப்புக் கேட்டு முடித்ததை நான் கண்டதில்லை. கேட்க வந்தவரின் வாயில் பாதிச் சொல் இருக்கும்போதே வலது உள்ளங்கையைக் கவிழ்த்து, தூங்குகிற குழந்தையைத் தட்டுவதுபோலக் காற்றில் மெல்ல ஆட்டி, "பரவாயில்லை, பரவாயில்லை" என்று சொல்லிவிடுவார். வந்தவர் மீதியை விழுங்கிக்கொண்டு நிம்மதியாகத் திரும்பிப் போவார்.

கல்யாணம் செய்து இணுவிலுக்கு வந்த புதிதில், எங்கள் வளவுத் தென்னையிலிருந்து காய்ந்த மட்டையொன்று விழுந்து பக்கத்து வீட்டுக் கோழிக்கூடு நொறுங்கிவிட்டது. உள்ளே நின்ற பேட்டுக்கோழி ஒன்று செத்துப்போனது. மட்டையை முதலே வெட்டியிருக்க வேண்டும் என்று என் கணவருக்குப் பெரிய பதற்றம். இருவரும் வேலியடிக்குப் போய் நின்றோம்.

"அண்ணை, நாங்கள்தான் கவனிக்காமல்..."

"பரவாயில்லை தம்பி. அது கிழட்டுக் கோழி. முட்டையும் இடுறேல்லை."

பின்னாலிருந்து அவருடைய மனைவியின் குரல் வந்தது. "இண்டைக்கு விடியவும் அதின்ரை முட்டையை எடுத்தனான்!"

அவர் திரும்பிப் பார்க்கவில்லை. எங்களைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே நின்றார். அன்று எனக்கும் சிரிப்புத்தான் வந்தது. இப்படி ஒரு அயலவர் கிடைக்கக் கொடுத்துவைத்திருக்க வேண்டும் என்று கணவரிடம் சொன்னேன்.

அவரை மாமா என்றும் மனைவியை மாமி என்றும் கூப்பிடத் தொடங்கினேன். மருதனார்மடத்தில் ஒரு இரும்புக்கடையில் அவருக்கு வேலை. ஆனால் ஊருக்கு அவரை அறிமுகப்படுத்தியது அவருடைய குரல். பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டி என்றால் மைக்குக்கு முன்னால் அவர்தான் இருப்பார். யாராவது செத்தால், ஓட்டோவில் ஒலிபெருக்கியைக் கட்டிக்கொண்டு மரண அறிவித்தல் சொல்லிப் போகிறவரும் அவர்தான். மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்த கிறிஸ்தவக் குடும்பம். ஞாயிற்றுக்கிழமை ஆலயத்தில் வேதபாடம் வாசிப்பார். அதே மனிதரைக் கோயில் திருவிழாவுக்கும் வந்து கூட்டிக்கொண்டு போவார்கள். அதில் ஒருவருக்கும் வித்தியாசமாக எதுவும் தெரியவில்லை.

கனத்த குரல் என்று சொல்லமுடியாது. அறிவிப்பாளர்கள் செய்வதுபோலச் சொல்லை இழுத்து ஏற்றி இறக்கமாட்டார். ஒலிபெருக்கியில் கேட்டாலும் பக்கத்துக் கதிரையில் இருந்து கதைப்பதுபோல இருக்கும். ஒரு திருவிழாவில் சின்னப் பிள்ளையொன்று கூட்டத்தில் தவறிவிட்டது. மற்றவர்களாக இருந்தால் "பிள்ளையைப் பொறுப்பில்லாமல் விட்ட பெற்றோர்" என்று தொடங்கியிருப்பார்கள். இவர் சொன்னது எனக்கு இன்னும் காதில் நிற்கிறது. "சிவப்புச் சட்டை போட்ட ஒரு ராசாத்தி எங்களோடை இருந்து கடலை சாப்பிடுறா. அம்மாவும் அப்பாவும் ஓடிவரவேண்டாம். ஆறுதலா வாங்கோ. பிள்ளை சந்தோசமா இருக்கிறா." தாய் அழுதுகொண்டு வந்து சேர்ந்தபோது அவர் மைக்கை நிறுத்திவிட்டு, வழக்கம்போலக் கையைக் கவிழ்த்து ஆட்டினார்.

அவர்களுக்கு ஒரே மகள், கிறேஸ். பிறவியிலேயே கண் தெரியாது. கெட்டிக்காரி. யாழ்ப்பாணத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் சங்கீதம் படிப்பித்தாள். நான் வேலைக்குப் போகும் பஸ்ஸில்தான் அவளும் வருவாள். பஸ் எந்தச் சந்தியைத் தாண்டுகிறது என்பதை என்னைவிட முதலில் சொல்வாள்.

அந்த வீட்டுக்குள் மாமாவின் குரல் ஓயாது. வாசலில் சைக்கிள் நிற்கிறது, இன்றைக்கு நீ உடுத்திருப்பது நீலச் சட்டை, முற்றத்துச் செவ்வரத்தையில் இரண்டு பூ, வானம் இருட்டிக்கொண்டு வருகிறது என்று எல்லாவற்றையும் மகளுக்குச் சொல்லிக்கொண்டே இருப்பார். பின்னேரம் பேப்பர் வாசித்துக் காட்டுவார். செய்தி முடிந்தால் விளம்பரமும் வாசிப்பார். வீடு விற்பனைக்கு, மணமகள் தேவை என்று அவர் வாசிக்க, கிறேஸ் ஒவ்வொன்றுக்கும் ஒரு பகிடி விடுவாள். வேலிக்கு இந்தப் பக்கம் உடுப்புக் காயப்போட்டுக்கொண்டு நானும் கேட்பேன்.

தொண்டையில் நோவு வந்தபோதும் அவர் அதே சொல்லைத்தான் சொன்னார். முதலில் குரல் அடைத்தது. தடிமன், வெறும் சளிதான் என்றார். பிறகு விழுங்கக் கஷ்டப்பட்டார். மாமி நெருக்கி நெருக்கி ஆசுப்பத்திரிக்கு அனுப்பினார். போனவர் மத்தியானம் மருந்தில்லாமல் திரும்பி வந்தார். பின்னால் நின்ற பெண்ணின் கையில் காய்ச்சல்காரப் பிள்ளை இருந்ததாம். அவளை முன்னுக்கு விட்டாராம். பிறகு ஒரு வயதாளி, பிறகு இன்னொருவர். கடைசியில் நேரம் போய்விட்டது, டொக்டரை மினக்கெடுத்தக்கூடாது என்று வந்துவிட்டார். அடுத்தமுறையும் ஏறக்குறைய அப்படித்தான் நடந்தது.

"எல்லாரையும் முன்னுக்கு விட்டிட்டு நீங்கள் எங்கை போய் நிக்கப்போறியள்?" என்று மாமி கேட்டது எங்கள் வீட்டுக்கும் கேட்டது.

அவர் கடைசியில் டொக்டருக்கு முன்னால் போய் இருந்தபோது, புற்றுநோய் முற்றி, குரல்வளையை முழுதாக எடுப்பதைத் தவிர வேறு வழியில்லை என்ற நிலைமைக்கு வந்திருந்தது. எடுத்தால் உயிர் தப்பலாம். கதைக்கமுடியாது. சிகிச்சை கிடைத்ததே பெரிய விஷயம் என்று அவர் என் கணவரிடம் சொன்னார். கரகரத்த குரலில் "பரவாயில்லை" என்றும் சொன்னார்.

அதற்கு என் கணவர் தலையாட்டவில்லை. வீட்டுக்கு வந்து, "இந்த மனிசனோடை கோவிக்கவும் ஏலாது, கோவிக்காமல் இருக்கவும் ஏலாது" என்றார்.

ஒப்பரேஷனுக்கு முந்திய நாட்களில் மாமா பின்னேரங்களில் அறைக்கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருந்தார். அறிவிப்புக்குப் பாவிக்கும் மைக்கை வீட்டுக் கொம்பியூட்டரில் கொழுவி, எதையோ பதிவுசெய்தார். குரல் தேய்ந்துகொண்டிருந்த காலம். கொஞ்சம் கதைப்பார், தண்ணீர் குடிப்பார், திரும்பக் கதைப்பார். வெளியே எங்களுக்குச் சொல் விளங்காது. ஒரு முனகல்போலத்தான் கேட்கும்.

எல்லாம் கிறேஸுக்காக. ஆனால் அவளுக்கு ஒரு நிபந்தனை போட்டார். அதைக் கிறேஸ்தான் பஸ்ஸில் எனக்குச் சொன்னாள்.

"நான் இல்லாத காலத்திலை கேள் குஞ்சு எண்டவர். தான் இருக்கேக்கை நான் கேட்டால் தனக்கு வெக்கமாம்."

"நீ ஒண்டும் கேக்கேல்லையோ?"

"இல்லை அக்கா. அவர் கேட்டதுக்காக ஒண்டாவது செய்யவேணுமெல்லே. எங்களிட்டை அவர் ஒண்டும் கேக்கிறேல்லையே."

ஒப்பரேஷன் நல்லபடியாக முடிந்தது. கழுத்தின் அடியில் மூச்சுக்கு ஒரு துவாரம், அதை மூடி ஒரு வெள்ளைத் துணி. அந்த வீடு சத்தமில்லாமல் போனது. அவர் கதைக்கவேண்டியதைக் கொம்பியூட்டரில் எழுதுவார். கிறேஸ் பாவிப்பதற்காகத் திரையிலுள்ளதை வாசிக்கும் ஒரு மென்பொருள் அதில் இருந்தது. அது அவர் எழுதியதை உரத்து வாசிக்கும். ஆணா பெண்ணா என்று தெரியாத, எல்லாச் சொல்லையும் ஒரே உயரத்தில் வைத்து வாசிக்கிற குரல். "வா ச லில் சை க்கிள் நி ற்கி றது." கிறேஸ் முதலில் சிரித்தாள். பிறகு பழகிவிட்டாள். மாமிக்குத்தான் பழகவில்லை. அது கதைக்கத் தொடங்கினால் எழும்பிக் குசினிக்குள், அடுப்படிக்குப் போய்விடுவார்.

கொஞ்சக் காலத்தில் கொம்பியூட்டர் அடிக்கடி இறுகி நிற்கத் தொடங்கியது. வைரஸ் ஏதோ பிடித்துவிட்டது. கிறேஸுக்கு வேலையும் ஓடவில்லை, தகப்பனோடு கதைக்கவும் முடியவில்லை. மாமா அதை மோட்டார்சைக்கிளில் கட்டிக்கொண்டு மருதனார்மடத்தில் ஒரு கொம்பியூட்டர் கடைக்குக் கொண்டுபோனார். அங்கே திருத்த வேலை செய்தவள் சுகந்தி என்ற பெண். கல்யாணமானவள், கடைக்குப் புதிது. அழித்துப் புதிதாகப் போட்டால்தான் சரிவரும் என்றாள். அவருடைய ஹாட் டிஸ்க் இரண்டு பகுதியாக இருந்தது. கொம்பியூட்டர் இயங்குவதற்கான சங்கதிகள் சி டிறைவில். வீட்டுக்காரர் சேர்த்துவைக்கும் படமும் பாட்டும் டி டிறைவில். "சி-யை மட்டும்தான் ஐயா அழிப்பன். டி-யிலை கை வைக்கமாட்டன்" என்று சுகந்தி உறுதி சொன்னாள். அவர் கிறேஸுக்காகப் பதிவுசெய்த குரல் டி-யில் இருந்தது. அவர் தலையாட்டிவிட்டு வந்தார்.

தான் சொன்னதை மீற அவள் நினைக்கவில்லை. புதிதாகப் போடும்போது டிஸ்க்கில் ஏதோ பிழை காட்டி வேலை நின்றிருக்கிறது. முதலாளி பின்னால் நின்று அவசரப்படுத்தியிருக்கிறார். அவள் இரண்டு பகுதியையும் நீக்கி, ஐந்நூறு ஜிபி டிஸ்க்கின் முன்பக்கத்தில் நூறு ஜிபிக்கு மட்டும் ஒரு பகுதி அமைத்து, கொம்பியூட்டர் இயங்க வேண்டியதையெல்லாம் அதில் போட்டு முடித்துவிட்டாள். மீதி நானூறும் அப்படியே விடப்பட்டது.

மாமா எடுக்கப் போனபோது கடையில் சனம். அத்தனை பேருக்கும் முன்னால் முதலாளி வேறு ஏதோ பிழைக்காகச் சுகந்தியை ஏசிக்கொண்டிருந்தார். திரையில் டி டிறைவைக் காணவில்லை என்பது இவருக்கு அங்கேயே தெரிந்திருக்கிறது. இதைப் பிறகு மாமி துருவித் துருவி அவரிடமிருந்து எடுத்தார். அந்த நேரத்தில் விரலை நீட்டிக் காட்டினால் அவளுக்கு இன்னும் ஏச்சு விழும் என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. சுகந்தி "சரியோ ஐயா?" என்று கேட்க, கையைக் கவிழ்த்து ஆட்டிவிட்டு, கொம்பியூட்டரைக் கட்டிக்கொண்டு வந்துவிட்டார்.

கிறேஸ்தான் கண்டுபிடித்தாள். அன்று பின்னேரம் என்னைக் கூப்பிட்டாள். யாழ்ப்பாணத்தில் நான் வேலை செய்யும் இடத்தில் இந்தக் கொம்பியூட்டர் சாமான்களோடுதான் என் சீவியம். போய்த் திறந்து பார்த்தேன். ஐந்நூறு ஜிபி டிஸ்க்கில் நூறு மட்டும்தான் வெளியே தெரிந்தது. டிஸ்க்கின் பிரிவுகளைக் காட்டும் பக்கத்தில், மீதி முழுவதும் ஒதுக்கப்படாத இடம் என்று ஒரு கறுப்புப் பட்டையாக நின்றது.

எனக்கு உண்மையிலேயே சந்தோஷம் வந்தது. "மாமா, இடம் எங்கையும் போகேல்லை. பேரில்லாமல் கிடக்கு, அவ்வளவுதான். அதுக்கு மேலை ஒண்டும் எழுதாட்டில், உள்ளுக்கை இருந்தது பெரும்பாலும் அப்பிடியே இருக்கும்" என்றேன்.

மாமி என் கையைப் பிடித்துக்கொண்டார். கிறேஸ் "எடுக்கலாமோ அக்கா?" என்று கேட்டாள். யாழ்ப்பாணத்தில் இப்படி அழிந்ததை மீட்டுக் கொடுக்கிற ஒருவரை எனக்குத் தெரியும். சனிக்கிழமை டிஸ்க்கைக் கழற்றி அவரிடம் கொண்டுபோவதாகச் சொன்னேன். பிளக்கைக் கழற்றிவிட்டு, மாமாவைப் பார்த்துத் திரும்பவும் சொன்னேன்.

"அதுவரைக்கும் இதைப் போடவேண்டாம். ஒருத்தரையும் தொட விடவேண்டாம். புதுசா ஒண்டு எழுதினால் பழையது போயிடும். விளங்குதே மாமா?"

தலையை ஆழமாக ஆட்டினார். அவருக்கு விளங்காதது என்று எதுவும் இருக்கவில்லை.

அடுத்த நாள் மாமிக்கு ஆத்திரம் தாங்கவில்லை. கடைக்கு ரெலிபோன் எடுத்து முதலாளியிடம் கேட்டுவிட்டார். அவருக்குத் தெரிந்த சொல்லில்தான் கேட்டார். "ஐந்நூறு எண்டு தந்தனாங்கள், நூறுதான் வந்திருக்கு. எங்கடை மீதி நானூறும் எங்கை?" முதலாளிக்கு அது இடத்தைப் பற்றிய முறைப்பாடாகத்தான் விளங்கியது. குரலைப் பற்றி மாமி ஒன்றும் சொல்லவில்லை. குரலைப் பற்றி அந்நியரோடு கதைக்க அவருக்கு வாய் வரவில்லை.

வெள்ளிக்கிழமை. கிறேஸ் பள்ளிக்கூடத்தில், நான் வேலையில், மாமி ஆலயத்தில் பெண்கள் கூட்டத்தில். வீட்டில் மாமா தனியே. நான் மூன்று மணிக்கே வந்துவிட்டேன். வந்தபோது அவர்கள் வாசலில் ஒரு ஸ்கூட்டி நின்றது. சுகந்தி ஹெல்மெட்டைக் கையில் பிடித்தபடி வெளியே வந்துகொண்டிருந்தாள். முகம் அழுது வீங்கியிருந்தாலும் இப்போது தெளிந்திருந்தது.

"நீங்கள் பக்கத்து வீட்டு அக்காவோ? எல்லாம் சரிவந்திட்டுது அக்கா. முழு இடமும் திரும்ப வந்திட்டுது. நானூறையும் எடுத்துக் குடுத்திட்டன்."

நான் வாசற்படியிலேயே அவளை மறித்துக் கேட்டேன். "என்ன செய்தனீங்கள்?"

அவள் விளக்கமாகச் சொன்னாள். காணாமற்போன இடத்துக்குப் புதிதாக டி என்று பெயர் கொடுத்தாள். டிஸ்க்கில் முன்பு பிழை காட்டியதால், அவசரமாகச் செய்யாமல், முழு இடத்தையும் ஒரு மூலை விடாமல் துடைத்து போர்மற் அடித்திருந்தாள். நெடுநேரம் எடுத்ததாம். தான் செய்த பிழைக்குப் பரிகாரமாக, வீட்டிலிருந்து கொண்டுவந்த படங்களையும் பழைய பாட்டுகளையும் அதற்குள் நிறையப் போட்டுக் கொடுத்திருந்தாள். "ஐயா பொழுதுபோக்காப் பாக்கட்டும் எண்டு."

"உள்ளுக்கை ஏதும் இருந்ததோ எண்டு கேக்கேல்லையோ நீங்கள்?"

"கேட்டனான் அக்கா. ஐயாட்டைக் கேட்டனான், அந்த இடத்திலை ஒண்டுமில்லைத்தானே ஐயா எண்டு. ஐயா இப்பிடிக் காட்டினவர்."

உள்ளங்கையைக் கவிழ்த்து ஆட்டிக் காட்டினாள். அச்சொட்டாக அப்படியே.

"எனக்குத் தேத்தண்ணியும் போட்டுத் தந்தவர். கடையாலை நிப்பாட்டப்போறன் எண்டு முதலாளி சொன்னதெண்டு சொல்லி அழுதிட்டன். பாவம், அவர் கண்ணைத் துடைக்கத் தன்ரை லேஞ்சியை எடுத்துத் தந்தவர்."

அவள் போனபிறகு நான் உள்ளே போனேன். அவர் கொம்பியூட்டருக்குப் பக்கத்தில் இல்லை. பின் விறாந்தையில், அவள் குடித்த கோப்பையைக் கழுவித் துடைத்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டதும் கோப்பையை வைத்துவிட்டு நிலத்தைப் பார்த்தார். நான் ஒன்றும் கேட்கவில்லை.

மாமி கேட்டார். அன்று இருட்டுவதற்கு முதல், நான் இருக்கும்போதே கேட்டார். "ஏன் விட்டனீங்கள்? வாய்தான் இல்லை, கை இல்லையோ? அவளின்ரை முதுகிலை தட்டியிருக்கலாம். வயரை இழுத்திருக்கலாம்!"

அவர் கைத்தொலைபேசியை எடுத்து அதில் எழுதி மாமியிடம் நீட்டினார். மாமி கண்ணாடி போடாததால் என்னிடம் தந்தார். நான் வாசித்தேன். "அந்தப் பிள்ளை அழுதவள்."

"என்ரை பிள்ளை அழமாட்டாளோ?" என்றார் மாமி. அதற்கு அவர் கை எழவில்லை.

எனக்கு இன்றும் தெரியாது. அவள் அந்தக் கேள்வியைக் கேட்டபோது அவர் கை என்ன சொன்னது? ஒன்றுமில்லை என்றா, இருந்தாலும் செய் என்றா, அல்லது வாழ்நாள் முழுவதும் பழகிய கை அவரைக் கேட்காமல் தானாக ஆடிவிட்டதா? குரல் இருந்திருந்தால் "பொறு பிள்ளை" என்று ஒரு சொல் சொல்லியிருப்பாரா? சொல்லியிருக்கமாட்டார் என்றுதான் சில நாட்களில் எனக்குத் தோன்றும். அந்த நாட்களில் அவரை நினைக்க எனக்குப் பயமாக இருக்கும்.

சுகந்திக்குச் சொல்லக்கூடாது என்று எங்கள் எல்லோரிடமும் எழுதிக் காட்டினார். நாங்கள் சொல்லவில்லை. அவள் அந்த வருடம் நத்தார்ப் பண்டிகைக்குக் கேக் கொண்டுவந்தாள். கிறேஸ் வாங்கி, நன்றி சொன்னாள். மாமி வெளியே வரவில்லை. அடுத்த மழைக்காலத்தில் நோய் நுரையீரலுக்குப் பரவி மாமா போனபோது, செத்த வீட்டில் எல்லோரையும்விட அதிகமாக அழுதவள் சுகந்திதான். "இப்பிடி ஒரு மனிசரை நான் காணேல்லை. என்னை ஏசி ஒரு சொல்லும் சொல்லேல்லை" என்று பெட்டிக்குப் பக்கத்தில் நின்று சொன்னாள். அவளுக்கு இன்றுவரைக்கும் தெரியாது.

அவருடைய குரலை வேறு இடங்களில் தேடாமல் இல்லை. ஊர் முழுக்க ஒலித்த குரலை ஊரில் ஒருவரும் சேமித்து வைக்கவில்லை. ஓட்டோவில் போகும் மரண அறிவித்தலை யார் பதிவுசெய்வார்கள்? கடைசியில் ஒரு பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டி வீடியோ கிடைத்தது. பேண்ட் சத்தத்துக்குப் பின்னால், அஞ்சலோட்டத்துக்கு வரவேண்டிய இல்லங்களின் பெயரை அவர் வாசிக்கிறார். கிறேஸ் காதைக் கிட்டக் கொண்டுபோய் ஒருமுறை கேட்டாள்.

"இது மைக்குக்குக் கதைக்கிற அப்பா. வீட்டு அப்பா இல்லை" என்று சொல்லித் திருப்பித் தந்துவிட்டாள்.

அதற்கெல்லாம் முதல், மாமா இருந்தபோதே, சொன்ன சனிக்கிழமையே யாழ்ப்பாணத்து ஆளிடம் டிஸ்க்கைக் கொண்டுபோகத்தான் செய்தேன். பயனில்லை என்று தெரிந்தும் சொன்ன சொல்லுக்காகக் கொண்டுபோனேன். அவர் சில நாட்கள் வைத்திருந்தார். வேறு வேறு விதமாகப் பார்த்தேன், துடைத்ததற்கு மேலே படமும் நிறைந்திருக்கிறது, ஒரு துண்டுகூட வரவில்லை என்று திருப்பித் தந்தார். அடுத்த ஞாயிறு, அவர்கள் ஆலயத்தால் வந்தபிறகு கொண்டுபோய்க் கொம்பியூட்டரில் பொருத்திவிட்டேன். என் முகத்தைப் பார்த்ததும் மாமி விளங்கிக்கொண்டு குசினிக்குள் போனார். கிறேஸுக்கு நான் வாய்விட்டுச் சொல்லவேண்டியிருந்தது.

"சரி" என்றாள். தகப்பன் பக்கம் முகத்தைத் திருப்பினாள். "அப்பா, இஞ்சை வந்து இருங்கோ. அதிலை எனக்கு என்ன சொன்னனீங்களோ, அதை எழுதுங்கோ. குரல் இல்லாட்டிலும் சொன்னதாவது எனக்கு வேணும்."

அவர் வந்து இருந்தார். விசைப்பலகையில் விரலை வைத்தார். எழுதும் ஒவ்வொரு எழுத்தையும் அழிக்கும் ஒவ்வொரு எழுத்தையும் அந்த மென்பொருள் வாசிக்கும். கு, என்றது. ஞ். சு. பிறகு சு அழிந்தது, ஞ் அழிந்தது, கு அழிந்தது. இப்படியே பலமுறை. ஒருதரம் ஒரு முழு வரி வந்து, முடிவதற்கு முன்பே பின்னோக்கி ஒவ்வொரு எழுத்தாக அழிந்துபோனது. கிறேஸ் அசையாமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.

கடைசியில் அந்தக் குரல் முழுதாக ஒரு வசனம் வாசித்தது. "எ ன க்கு ஞா ப கம் இ ல் லை."

"உண்மையோ அப்பா?"

"ஓ ம்" என்றது குரல்.

கிறேஸ் என் பக்கம் திரும்பினாள். "அப்பா பொய் சொன்னால் எனக்குக் குரலிலை தெரியும் அக்கா. சின்னனிலை இருந்தே தெரியும். உந்த மெசினிலை எனக்கு ஒண்டும் தெரியுதில்லை. நீங்கள் பாத்துச் சொல்லுங்கோ. அப்பான்ரை முகம் எப்பிடி இருக்கு?"

அவர் என்னைப் பார்த்தார். சொல்லவேண்டாம் என்று தலையை அசைத்தார். பிறகு அந்தக் கையை, கவிழ்த்த உள்ளங்கையை, எனக்காக மெல்ல உயர்த்தினார். அன்றைக்கு அதற்கு இணங்க எனக்கு மனம் வரவில்லை.

"அழுறார் பிள்ளை" என்றேன்.

"சத்தம் கேக்கேல்லையே."

"இப்ப அவருக்கு அழவும் சத்தம் வராதடி."

அவள் தகப்பனின் கையைத் தேடிப் பிடிக்கவில்லை. மடியில் கிடந்த தன் கைகளைத்தான் இறுக்கிக்கொண்டாள். மெதுவாகக் கேட்டாள்.

"அப்ப முந்தியும் அழுதிருப்பாரோ? நான் பக்கத்திலை இருக்கேக்கையும்?"

எனக்குத் தெரியாது. நான் அந்த வீட்டில் இருப்பவள் இல்லை. பதில் குசினிக்குள்ளிருந்து வந்தது.

"ஓம்" என்றார் மாமி.